கேக்கு சுடப் போறியாமே, ராசா!

ஞாயித்துக்கிழமை பொண்ணு வீட்டுக்காரங்க வீடு பாக்க வர்றாங்க, கேசரியும் பஜ்ஜியும் பழசாப் போச்சு, நானே என் கையால காப்பி கேக்கு சுட்டு வைக்கிறேன்னு உங்கம்மாகிட்ட சொன்னியாமே. ரொம்ப சந்தோஷம்யா. நம்ம வம்சத்துல ஆம்பளைங்க அடுப்படிக்கு வந்ததெல்லாம் சோறு வெந்துடுச்சான்னு கேக்கத்தான். நீயாச்சும் அடுப்பைப் பத்தவைக்க வர்றியே, அந்த மட்டும் குலதெய்வத்துக்கு ஒரு கும்புடு. உங்கம்மா சிரிச்சா. நான் சிரிக்கலை. இப்பவே எதுக்குச் சிரிக்கணும்? நீ சுட்டு முடிச்சப்புறம் சிரிச்சுக்கலாம்ல.

ஆனா செய்யிறதுன்னு வந்துட்டா முறையாச் செய்யணும். மொதல்ல சாமான் வாங்கு. தாராளமா வாங்கு. நீ மேசை மேல எழுதி வச்சிருந்த பட்டியலைப் பாத்தேன். கண்ணாடி போடாமலே படிச்சேன், தொகை அவ்வளவு பெருசா இருந்துச்சு. கலிபோர்னியா பாதாம் அரைக் கிலோ. காஷ்மீர் அக்ரூட் கால் கிலோ. சீமை எலுமிச்சை நாலு, அதுங்க ஏரோப்ளேன்ல வந்ததாம். நம்ம வீட்ல இன்னும் யாரும் ஏரோப்ளேன் ஏறலை, எலுமிச்சை ஏறிடுச்சு. தோல் சீவ ஒரு துருவி, துருவிக்கு ஒரு உறை. சூடு பாக்க ஒரு கருவி. எல்லாத்துக்கும் மேல கரண்டு அடுப்பு ஒண்ணு, தவணையில. மொத்தத்தையும் கூட்டிப் பாத்தேன், மேலக்காட்டுக் குறுவைக்கு ஒரு தடவை உரம் போட்டுடலாம். அதனால என்ன, வாங்கு. குறுவை வருஷா வருஷம் வரும், பொண்ணு வீட்டுக்காரங்க வருஷா வருஷம் வருவாங்களா?

நான் களத்துமேட்டுல நெல்லு காயவச்சுக் கிடந்தவ, எனக்கு இதெல்லாம் தெரியாது. சும்மா வாய் இருக்கேன்னு கேக்குறேன். கிணத்தடிக்குப் பின்னாடி ஒரு முள்ளு மரம் நிக்குதே, பொங்கலுக்கு வந்தப்ப உன் சட்டையக் கிழிச்சுதே, வெட்டித் தள்ளணும்னு குதிச்சியே, அது என்ன மரம்னு தெரியுமா? நார்த்தை. அதுல காய்க்குறதைத்தான் வருஷா வருஷம் அரிவாமணையில வச்சு அறுந்துபோகாம சுருள் சுருளா வெட்டி, சுருளுக்குள்ள கல்லுப்பை அடைச்சு, ஜாடியில ஊறப்போட்டு, மாடியில காயவச்சு உனக்கு டப்பாவுல குடுத்தனுப்புறேன். தயிர்சாதத்துக்குத் தொட்டுக்கிட்டு, "அப்பாயி, செம"ன்னு பெங்களூர்லேர்ந்து போன் பண்ணுவ. அந்தச் செமதான்டா அங்க நிக்குது.

இப்பப் போயி ஒரு காயைப் பறிச்சுட்டு வா. முத்தின காயா, லேசா மஞ்சள் ஓடினதாப் பாத்துப் பறி. கட்டைவிரல் நகத்தால தோல்ல ஒரு கீறல் போடு. மொகத்துக்கு நேரா வச்சுக் கீறாதே, கண்ணுல தெறிச்சா கொல்லையச் சுத்தி ஓடுவ. கீறின எடத்துல ஈரம் கசியுது பாரு, அதான் எண்ணெய். தோல்ல ஊசிமுனை அளவுக்குக் குட்டிக் குட்டியாப் பை இருக்கு, வாசம் பூரா அதுக்குள்ளதான் அடைஞ்சு கிடக்கு. நீ நினைக்கிற மாதிரி சாறுல இல்ல. சாறு புளிப்பு குடுக்கும், அடுப்புல வெந்தா அதோட வாசம் பாதிக்கு மேல போயிடும். தோல் வாசம் வெந்தாலும் நிக்கும். அதனால மேல இருக்குற ஏட்டை மட்டும் துருவணும். அதுக்குக் கீழ வெள்ளையா இருக்கே, நார்த்தைக்கு அது ஒரு விரக்கடை கனம் இருக்கும், அதைத் தொட்டுடாதே. தொட்டேன்னா கசந்து வழியும், பொண்ணு வீட்டுக்காரங்க மருந்து குடுத்து அனுப்பினாங்கன்னு ஊர்ல சொல்லுவாங்க. கேரட் துருவுறதுலயே பொடிக்கண்ணு ஒரு பக்கம் இருக்கு. ஒரு எடத்துல ஒரே இழுப்பு, காயைத் திருப்பு, அடுத்த எடம். அவ்வளவுதான். உறை போட்ட துருவிக்கும் இதே கண்ணுதான்.

கசப்புக்குப் பயந்தா பாதி நார்த்தை, பாதி கமலாப்பழம். கடைக் கமலாவா இருந்தா வெந்நீர்ல நல்லாத் தேய்ச்சுக் கழுவு, மினுமினுப்புக்கு மெழுகு தடவியிருப்பான். நாட்டு எலுமிச்சையும் சேரும். சாத்துக்குடி வேணாம், அது ஆஸ்பத்திரிக்குப் பாக்கப் போறப்ப வாங்குறது. துருவினதை நேரா மாவுல கொட்டாதே. முக்கால் டம்ளர் சீனியில போட்டு விரல் நுனியால பிசறு. சீனி நறநறன்னு தோலை அரைச்சு எண்ணெயை வாங்கிக்கும். கொஞ்ச நேரத்துல சீனி ஈரமாகும், நிறம் மாறும், கூடம் வரைக்கும் மணக்கும். அப்ப உங்கப்பன் பேப்பரை மடிச்சு வச்சுட்டு எட்டிப் பாப்பான் பாரு, அந்த மூஞ்சிக்காகவே இதைச் செய்யலாம்.

இன்னொண்ணு சொல்றேன், சிரிக்காதே. வெள்ளைக்காரங்க கிறிஸ்துமஸ் கேக்குல பாகுல ஊறின தோல் துண்டு போடுவாங்களே, அதுல ஒண்ணு நம்ம நார்த்தைக்கு ஒண்ணுவிட்ட சொந்தம். மத்தியதரைக் கடல் பக்கம் காய்க்குது. அவங்க அதைச் சீனியில ஊறப்போட்டாங்க, நாம இதை உப்புல ஊறப்போட்டோம். சம்பந்தி வீடு, கைமணம் வேற. நீ என்னடான்னா சொந்தக்காரனை வெட்டணுங்குற, ஏரோப்ளேன்ல வர்றவனுக்கு ஆரத்தி எடுக்குற.

காப்பி கேக்குல காப்பித்தூள் எத்தனை ஸ்பூன்னு உங்கம்மா கேட்டா. பாவம். அதுல காப்பியே கிடையாதுடி, காப்பியோட தின்னுறதுன்னு நான்தான் சொன்னேன். எனக்கு எப்படித் தெரியும்னு பாக்குறியா? உங்க தாத்தா தரங்கம்பாடியில உத்தியோகம் பாத்தப்ப சாயந்தரமானா அந்தக் கோட்டைச் சுவத்துல உக்காந்துக்கிட்டு ஊர்க்கதை பூரா அளப்பாரு. ஜெர்மனிக்காரங்க சாயந்தரம் காப்பிக்குக் கேக்கு வச்சுத் தின்னுறவங்க. அங்கேர்ந்து அமெரிக்காவுக்குக் குடிபோனவங்க அந்தப் பழக்கத்தையும் மூட்டை கட்டிக்கிட்டுப் போனாங்க. அமெரிக்காவுலேர்ந்து உன் போனுக்கு வந்திருக்கு. நீ அதை என்னமோ நேத்துக் கண்டுபிடிச்ச சமாச்சாரமா நினைக்கிற.

அந்த ஜெர்மனிக்காரங்க நமக்கு அசலூரு இல்லப்பா. தஞ்சாவூர் ரகுநாத நாயக்கர் 1620-ல டேனிஷ்காரங்களுக்குத் தரங்கம்பாடியில எடம் குடுத்தாரு. அந்த டென்மார்க் ராசா அனுப்பி 1706-ல வந்து எறங்கின சீகன்பால்கு ஜெர்மனிக்காரர்தான். தமிழ் படிச்சாரு, அச்சு எயந்திரம் வரவழைச்சாரு, தமிழ்ல புதிய ஏற்பாட்டையே அச்சுப்போட்டாரு. அப்புறம் தஞ்சாவூருக்கு வந்த சுவார்ட்சு ஐயரு, அவரும் அந்த ஊர்க்காரர்தான். சிவகங்கைத் தோட்டத்துக்கிட்ட 1779-ல கட்டின அவரு கோயிலு இன்னும் நிக்குது. சரபோஜி மகாராசா சின்னப் பிள்ளையா இருந்தப்ப அவரை ஆளாக்கினதுல அந்த ஐயருக்குப் பெரிய பங்கு. ஆக, வேதம் கொண்டாந்தாங்க, அச்சு கொண்டாந்தாங்க, ஒரு ராசாவையே படிக்க வச்சுட்டுப் போனாங்க. காப்பி கேக்கை மட்டும், நம்ம ராசா ஒருத்தன் பெங்களூர்லேர்ந்து வருவான், அவன் பாத்துக்குவான்னு விட்டுட்டுப் போயிட்டாங்க. சரபோஜி அரமணையில சமைச்சதையெல்லாம் ஏட்டுல எழுதி வச்சாங்க, சரசுவதி மகால்காரங்க அதை 'சரபேந்திர பாகசாஸ்திரம்'னு புத்தகமாவே போட்டிருக்காங்க. உன் கேக்கு நல்லா வந்தா சொல்லு, பின்பக்கத்துல ஒட்டச் சொல்லலாம்.

இருக்குறதை வச்சுச் செய்யிறது எளக்காரம்னு நினைக்காதே. கேரளாவுல தலச்சேரின்னு ஒரு ஊரு. அங்க மாம்பள்ளி பாபுன்னு ஒருத்தர் 1880-ல பிஸ்கோத்து பட்டறை வச்சிருந்தாரு. 1883 கிறிஸ்துமசுக்கு முன்னாடி பிரவுன்னு ஒரு தோட்டக்காரத் துரை சீமையிலேர்ந்து வந்த கேக்கைக் காட்டி, இதே மாதிரி செய்யி, மாகேல போயி பிரெஞ்சு பிராந்தி வாங்கிப் போட்டுக்கன்னானாம். பாபு மாகேவுக்குப் போகலை. முந்திரிப் பழத்தையும் கதளி வாழைப்பழத்தையும் போட்டு வடிச்ச நாட்டுச் சரக்கை ஊத்திச் சுட்டுட்டாரு. துரை தின்னு பாத்துட்டு இன்னும் ஒரு டஜன் சுடச் சொல்லிட்டானாம். இந்தியாக்காரன் சுட்ட மொத கிறிஸ்துமஸ் கேக்கு அதுதான்னு அந்த ஊரே சொல்லுது. நீ ஒடனே நாட்டுச் சரக்குன்னு காதைத் தீட்டிக்காதே, நான் முந்திரிக்கு வர்றேன்.

பருப்புக்கு எதுக்குக் கலிபோர்னியா போற? தஞ்சாவூர்லேர்ந்து புதுக்கோட்டை போற ரோட்டுல ஆதனக்கோட்டை வருதில்ல, ரோட்டோரமா வறுத்த முந்திரி வச்சு வித்துக்கிட்டு இருப்பாங்க. கொட்டையைச் சுட்டு, தட்டி, தோலெடுத்து வச்சிருக்குறதைப் பாத்து வாங்கு. கையில கொஞ்சம் கரி ஒட்டும், வாசம் தூக்கும். முந்திரி மட்டும் நம்ம ஊர்ல மொளைச்சதான்னு கேப்ப. இல்லதான். போர்ச்சுக்கீசியன் பிரேசில்லேர்ந்து கொண்டாந்தது. ஆனா வந்து நானூறு வருஷத்துக்கு மேல ஆச்சு, பண்ருட்டிக்காரங்க ரேசன் கார்டே குடுத்துட்டாங்க. உன் பாதாமும் அத்தனை வருஷம் குடியிருந்துட்டு வரட்டும், சேத்துக்கலாம். வேர்க்கடலை இன்னும் விசேஷம், ஆனா கௌரவம் எடம் குடுக்காது உனக்கு. வறுத்துத் தோல் நீக்கி ஒண்ணுரெண்டா ஒடைச்சுப் போட்டா எது என்னன்னு யாரும் கண்டுபிடிக்க மாட்டாங்க. ஒரு சங்கதி மனசுல வச்சுக்க. உள்ள போடுற பருப்பை வறுத்துப் போடு, மேல தூவுறதைப் பச்சையாத் தூவு. மேல இருக்குறது அடுப்புச் சூட்டுல தானா வறுபடும். வறுத்ததையே மேலயும் தூவினா கருகிப்போயி கசக்கும்.

அடுப்புக்கு வருவோம். தவணையில வாங்குற அந்த அடுப்பு ரொம்ப நல்ல அடுப்புதான். கரண்டு இருக்குற வரைக்கும். 2018 நவம்பர்ல கஜா புயல் அடிச்சப்ப பேராவூரணியில உங்க அத்தை வீட்ல தென்னை ஒண்ணு விடாம சாஞ்சு, கரண்டு கம்பமும் சாஞ்சு, வாரக்கணக்குல இருட்டுல கிடந்தாங்களே, அப்ப அவ சோறாக்கினது மூணு கல்லு வச்சு அந்தத் தென்னை மட்டையிலதான். நான் கஜாவைச் சொல்லிப் பயமுறுத்தலை. ஞாயித்துக்கிழமை சாயந்தரம் நம்ம ஊர்ல ஒரு அரை மணி கரண்டு போறதுக்குப் புயல் வரணும்னு அவசியமில்ல, அதைச் சொல்றேன். பாதி வெந்தப்ப சூடு போச்சுன்னா நடுவுல குழி விழும். குழியில பாயசம் ஊத்திக் குடுக்கலாம், அது என் யோசனை.

கரண்டில்லாம கேக்கு வேகுமான்னு கேக்குறவன் முஸ்லிம் வீட்டுக் கல்யாணத்துல தம்ரூட்டு தின்னிருக்க மாட்டான். ரவை, பாலு, நெய்யி, முந்திரி போட்டுக் கிண்டி, சட்டியில ஊத்தி, கீழ தணல், மூடி மேலயும் தணல். மேலயும் கீழயும் சூடு வந்தா அது அடுப்புதானே? பரண் மேல உங்க கொள்ளுப்பாட்டியோட இருப்புச்சட்டி கிடக்கு. எறக்கிக் கழுவு. அடியில ஒரு விரக்கடைக்கு மணலு பரப்பு, மணலு மேல ஒரு பிரிமனை மாதிரி வளையம் வை, அதுமேல கேக்கு தட்டு, மேல கனமான மூடி. மணலுக்கு எங்க போறதுன்னா, அதுதான் கஷ்டம். குடமுருட்டி வாசல்லயே ஓடுது, ஆனா ரெண்டு கை மணலு அள்ளுறதுக்கு நமக்குக் கூச்சமா இருக்கு, ராத்திரியில லாரி லாரியா அள்ளுறவனுக்கு இல்ல. கொள்ளிடத்து மணலு பூரா பட்டணத்துல மாடி மாடியா நிக்குது, உன் ஆபீசு கட்டடத்துலயும் நாலு மூட்டை நம்மளுது இருக்கும். கல்லுப்பு போட்டுக்க. மணலுக்கு உப்பு சரியான மாத்து. குக்கர்ல வச்சா குண்டும் வேணாம், ரப்பர் வளையமும் வேணாம், ரெண்டையும் கழட்டி வெளியில வச்சுடு. மறந்து போட்டேன்னா பொண்ணு வீட்டுக்காரங்க வீடு பாக்க வர்றப்ப வீடு இருக்கணும்ல.

எந்த அடுப்பானாலும் மொதல்ல சூடேத்தணும். கரண்டு அடுப்புல 180 டிகிரிக்கு வச்சுட்டு ஒரு கால் மணி காத்திரு, சட்டின்னா அதே கால் மணி மூடி வை. அவசரப்பட்டு மாவை உள்ள தள்ளாதே. ஜூன் 12-ல மேட்டூரைத் தெறந்த அன்னிக்கே கடைமடையில நாத்து நட முடியுமா? தண்ணி கல்லணை தாண்டி, ஆறு வாய்க்காலாகி, வாய்க்கால் கன்னியாகி, சேதுபாவாசத்திரம் வயக்காட்டு மூலைக்கு வந்து சேர நாளாகும்ல. அடுப்புக்குள்ளயும் கடைமடை இருக்கு. சூடு மூலை வரைக்கும் போயிச் சேந்தப்புறந்தான் மாவு உள்ள போகணும்.

மாவுக்கு அளவு சொல்றேன், காப்பி டம்ளர்ல ஒண்ணை எடுத்து வச்சுக்க, எல்லாத்தையும் அதாலயே அள. சலிச்ச மைதா ஒன்றரை டம்ளர். பிசறின சீனி முக்கால். தயிர் ஒண்ணு, கெட்டித் தயிர். எண்ணெய் அரை. செக்கு எண்ணெய் நல்லதுன்னு எனக்கும் தெரியும், ஆனா நல்லெண்ணெய் ஊத்தினா புளியோதரை வாசம்தான் வரும், கடலெண்ணெய் ஊத்தினா பஜ்ஜி. இதுக்கு மட்டும் வாசமில்லாத எண்ணெய், இல்லைன்னா உருக்கின வெண்ணெய். முட்டை வேணாம், பொண்ணோட பாட்டி சுத்த சைவம்னு தரகர் சொன்னாரு. தயிரே பாத்துக்கும். தயிரையும் சீனியையும் கரையுற வரைக்கும் கலக்கு. அதுல ஆப்பசோடா அரை டீஸ்பூன், பேக்கிங் பவுடர் ஒன்றேகால் டீஸ்பூன் போட்டுக் கலந்துட்டு அஞ்சு நிமிஷம் கையக் கட்டிக்கிட்டு நில்லு. தயிரோட புளிப்பு சோடாவைப் பிடிச்சதும் நொரைச்சுப் பொங்கும். அந்தக் காத்துதான் கேக்கைத் தூக்கும். பொங்கினதைப் போட்டோ எடுத்து யாருக்கோ அனுப்பிட்டு, பதில் வர்ற வரைக்கும் உக்காந்திருந்தேன்னு வை, காத்து போயிடும். அது பதில் போட நேரமாகும், எனக்குத் தெரியும். நானும் ஒரு காலத்துல பொண்ணா இருந்தவதான்.

அப்புறம் எண்ணெய், ஒரு ஸ்பூன் எலுமிச்சைச் சாறு, அப்புறம் மைதாவை ரெண்டு மூணு தடவையாச் சேரு. இங்கதான் ஆம்பளைங்க கெடுப்பீங்க. பலம் இருக்குன்னு காட்டுறதுக்கு அடிச்சுத் தள்ளுவீங்க. மைதாவை அடிக்க அடிக்க ரப்பரா இழுக்கும். பரோட்டாவுக்கு அது வேணும், கேக்குக்கு அது எமன். மாவு கலந்து வெள்ளைத் திட்டு மறைஞ்சா கரண்டியக் கீழ வச்சுடு, சின்னக் கட்டி ரெண்டு கிடந்தாலும் கிடக்கட்டும். இட்லி மாவைவிடக் கெட்டியா இருக்கும், இருக்கலாம். தண்ணியாப் போனாத்தான் முந்திரி பூரா அடியில போயி உக்காந்துக்கும். முந்திரி கால் டம்ளரை ஒரு ஸ்பூன் மைதாவுல பொரட்டிப் போட்டா இன்னும் நல்லது.

மேல தூவுறதுக்குத் தனியா ஒரு கலவை இருக்கு. அதுதான் காப்பி கேக்குக்கு நகை நட்டு. மைதா மூணு ஸ்பூன், நாட்டுச் சர்க்கரை மூணு ஸ்பூன், ஏலக்காயும் ஒரு துளி சுக்கும் பொடிச்சது, உருகாத வெண்ணெய் ரெண்டு ஸ்பூன். விரல் நுனியில பிசறி உதிரி உதிரியா வச்சுக்க, உள்ளங்கைச் சூடு பட்டா களியாயிடும். வறுக்காத முந்திரியை ஒடைச்சு அதோட சேத்து மாவு மேல தூவு. அமெரிக்காவுல ஏலக்காய்க்குப் பதிலா பட்டைத்தூள் போடுறாங்க. நம்மாளு பட்டை வாசம் வந்தா பிரியாணி எங்கன்னு தேடுவான், அதனால ஏலக்காய்.

கரண்டு அடுப்புன்னா முப்பத்தஞ்சுலேர்ந்து நாப்பது நிமிஷம், சட்டின்னா கம்மித் தீயில நாப்பத்தஞ்சுலேர்ந்து ஐம்பது. மொத அரை மணிக்குத் தொறக்கவே தொறக்காதே. அப்புறம் ஒரு ஈக்குச்சியைக் கழுவி நடுவுல குத்திப் பாரு, மாவு ஒட்டாம வந்தா வெந்துடுச்சு. குத்துறதுக்குன்னு ஒரு கம்பி விக்குறாங்களாம், அது உன் பட்டியல்ல விட்டுப்போச்சு, பாத்தியா? வெளிய எடுத்ததும் கவுக்காதே. பத்து நிமிஷம் தட்டுலயே கிடக்கட்டும். முழுசா ஆறினப்புறம் வெட்டு. சூட்டோட வெட்டினா உதிரும், உதிர்ந்ததையெல்லாம் நான் தின்னுடுவேன், அதுக்காக நீ வேணும்னா சூட்டோட வெட்டலாம்.

கடல் தாண்டி யாழ்ப்பாணத்துக்கும் கொழும்புக்கும் போனேன்னா இதுக்கு அக்கா ஒருத்தி இருக்கா. ரவை, நெறைய முந்திரி, முட்டை மஞ்சக்கரு, பன்னீரு, எலுமிச்சைத் தோல், பாகுல ஊறின பூசணி எல்லாம் போட்டு ஈரப்பதமா சுடுவாங்க. கோடியக்கரையிலேர்ந்து கூப்பிடு தூரந்தான் அந்த மண்ணு. பேரு லவ் கேக்கு. அதை இன்னொரு நாளைக்கு வச்சுக்க. பொண்ணு வீட்டுப் பெரியவங்க முன்னாடி, இது என்ன கேக்குன்னு கேட்டா அந்தப் பேரை வாயில எடுத்துடாதே. தாலி கட்டுற வரைக்கும் இது காப்பி கேக்குதான்.

காப்பி நான் போடுறேன். அதுல கை வைக்காதே. கும்பகோணத்துலேர்ந்து தூள் வந்திருக்கு, சிக்கரி அளவாச் சேத்தது. மொத டிகாக்ஷன், கறந்து காய்ச்சின பாலு, பித்தளை டபரா டம்ளரு. சீனி மட்டும் எப்பவும் போடுறதுல பாதிதான் போடுவேன், உன் கேக்கு ஏற்கெனவே இனிக்கும். நூறு வருஷத்துக்கு முன்னாடி இந்தக் காப்பியையே குடியக் கெடுக்க வந்த பேயின்னு பத்திரிகையில எழுதித் திட்டினாங்களாம். திட்டினவன் வீட்டுப் பேரப்பிள்ளைங்க இப்ப பில்டர் வாங்க வரிசையில நிக்கிறாங்க. அதனால உன் கேக்கைப் பாத்து உங்க பெரியப்பா மூஞ்சியச் சுளிச்சா நீ ஒண்ணும் சொல்லாதே. ரெண்டு துண்டு தின்னுட்டு சுளிப்பாரு, கவனிச்சுப் பாரு.

எல்லாம் கேட்டுக்கிட்ட. ஒண்ணு மட்டும் நீயும் எழுதலை, நீ போன்ல பாத்த அந்த வீடியோக்காரியும் சொல்லலை. சல்லடையில ஒட்டின மைதா, எண்ணெய் டம்ளரு, நொரைச்சு வழிஞ்ச குண்டான், வெண்ணெய் பூசின தட்டு, அடுப்பைச் சுத்தி சீனி, அதுக்கு வர்ற எறும்பு. இதெல்லாம் யாரு கழுவுறது? அவ ஈஸி ஈஸிங்குறா, அவளுக்குப் பின்னாடி ஒருத்தி கையில நாரோட நிப்பா, அது படத்துல வராது. இங்க அந்த ஒருத்தி உங்கம்மா. அவ காலையிலேர்ந்து கோலம் போட்டு, வீடு தொடைச்சு, வர்றவங்களுக்குச் சமையலும் பண்ணிட்டு, கடைசியில உன் கேக்குச் சட்டியத் தேய்க்கணும். பொண்ணு வீட்டுக்காரங்க, "மாப்பிள்ளையே செஞ்சாராமே"ன்னு மூக்குல விரல் வைக்கிறப்ப அவ கை புளி போட்டுத் தேய்ச்சுக்கிட்டு இருக்கும். அந்தக் கண்கொள்ளாக் காட்சியப் பொண்ணு பாத்துடக் கூடாது பாரு. புத்திசாலிப் பொண்ணுன்னு கேள்வி, கணக்குப் போட்டுடும். அதனால சனிக்கிழமையே சுட்டுடு. சுட்டு, நீயே எல்லாத்தையும் கழுவி, கவுத்து வச்சுடு. நார்த்தை வாசமும் ஒரு ராத்திரி ஊறினாத்தான் உள்ள எறங்கும், மறுநாள் இன்னும் மெத்துன்னு இருக்கும். ரெண்டு வேலையும் ஒண்ணா முடிஞ்சுது.

வந்தவங்க தின்னுறப்ப வாயையே பாத்துக்கிட்டு நிக்காதே. எப்படி இருக்குன்னு கேக்காதே. எத்தனை டிகிரி, எத்தனை நிமிஷம்னு பாடம் எடுக்காதே. பொண்ணு தானாக் கேட்டா நார்த்தை மரத்தக் காட்டுறேன்னு கொல்லைப்பக்கம் கூட்டிக்கிட்டுப் போ, பேசுறதுக்கு ஒரு எடம் வேணும்ல. முள்ளு இருக்குன்னு சொல்லித் தள்ளி நிக்க வை. நான் கூடத்துல அவங்க பாட்டிகிட்ட வெத்தலை மடிச்சுக் குடுத்துக்கிட்டு, கொல்லைக் கதவு தொறந்து கிடக்குறதைக் கவனிக்காத மாதிரியே இருப்பேன்.

அப்புறம் சனிக்கிழமை ராத்திரி அந்தக் கேக்கைப் பத்திரமா வைக்கணும். அலமாரியில வச்சாலும் எறும்பு மோப்பம் பிடிச்சு வந்துடும். அகலத் தட்டுல தண்ணி ஊத்தி, நடுவுல கிண்ணத்தக் கவுத்து, அதுமேல கேக்குத் தட்டை வச்சு மூடிடு. எறும்பு தாண்டாது. எனக்குத்தான் தண்ணி கண்டா பயமில்ல, ஆத்தங்கரையில பொறந்தவ. ஓரத்துல ரெண்டு துண்டு கொறைஞ்சிருந்தா வட்டக் கேக்கைச் சதுரமா வெட்டிடு, யாருக்கும் தெரியாது.